பச்சைத் துணி ஒட்டிய அக்கார்டியன்

அந்தச் சிறுவனிடம் ஒரு அக்கார்டியன் இருந்தது. நம் ஊர் ஆர்மோனியத்தை மார்போடு கட்டித் தூக்கிக்கொண்டால் எப்படி இருக்கும்? அதுதான் அக்கார்டியன். நடுவே துருத்தி. ஒரு பக்கம் கட்டைகள். மறு பக்கம் பொத்தான்கள். துருத்தியை இழுத்து இழுத்து விட்டால் நாதம் வரும்.

பையனுக்கு அந்த நாதம் போதவில்லை. எல்லா அக்கார்டியனும் ஒரே மாதிரி ஒலிக்கின்றன. தன்னுடையது மட்டும் வேறு விதமாக ஒலிக்கவேண்டும் என்று நினைத்தான். பில்லியர்ட்ஸ் மேசை மேல் விரிக்கும் பச்சைக் கம்பளித் துணியில் ஒரு துண்டு அவன் கைக்குக் கிடைத்தது. அதைப் பெட்டியின் உள்ளே, ஒலி வெளிவரும் பலகையில் ஒட்டினான். வாசித்தான். கூர்மையான சத்தம் மழுங்கி, மெத்தென்ற புது நாதம் வந்தது!

அந்தப் பையன் பெயர் ஜோசப் ஜாவினுல். பிற்காலத்தில் "ஜோ ஜாவினுல்" என்றால் உலகத்து ஜாஸ் ரசிகர்கள் அனைவருக்கும் தெரியும். மின்சாரப் பியானோவையும் சிந்தசைசர் என்ற மின்னணு வாத்தியத்தையும் ஜாஸ் மேடைக்குக் கொண்டுவந்தவர்களில் அவர் முன்னணியில் நின்றார்.

அவர் வாழ்நாள் முழுதும் செய்த வேலை என்ன? ஒரு வகையில் பார்த்தால், அந்தப் பச்சைத் துணி வேலைதான்.

இரட்டையரில் ஒருவர்

1932-ஆம் ஆண்டு ஜூலை 7-ந் தேதி ஆஸ்திரியா நாட்டின் தலைநகரான வியன்னாவில் ஜோ பிறந்தார். எர்ட்பெர்க் என்பது அவர்கள் குடியிருந்த பகுதி. தொழிலாளிகள் வாழும் இடம். பணம் புழங்கிய வீடு அல்ல.

ஜோ தனியாகப் பிறக்கவில்லை. கூடவே ஒரு சகோதரனும் பிறந்தான். பெயர் எரிக். நான்கு வயதில் நிமோனியாக் காய்ச்சல் எரிக்கைக் கொண்டுபோய்விட்டது. பல ஆண்டுகளுக்குப் பின், அமெரிக்காவில், ஜோ தம் மூன்று பிள்ளைகளில் ஒருவனுக்கு எரிக் என்று பெயர் வைத்தார்.

பையனுக்கு நல்ல காது. எந்தச் சுரம் ஒலித்தாலும் இன்ன சுரம் என்று சொல்லிவிடுவான். வியன்னா இசைக் கல்லூரியில் அவனைச் சேர்த்துக்கொண்டார்கள். பியானோவும் மற்றப் பாடங்களும் அங்கே கற்றான்.

பள்ளித் தோழன் ஒருவனைப் பற்றியும் சொல்லவேண்டும். அவன் பெயர் தாமஸ் கிளெஸ்டில். அவனும் எர்ட்பெர்க் பையன்தான். 1992-இல் அவர் ஆஸ்திரியாவின் ஜனாதிபதி ஆனார்! ஒரே வகுப்பில் படித்த இரண்டு ஏழைப் பிள்ளைகள். ஒருவர் நாட்டை ஆண்டார். மற்றவர் கட்டைகளை ஆண்டார்.

குண்டு மழை

1938-இல் ஹிட்லரின் படை ஆஸ்திரியாவுக்குள் புகுந்தது. அடுத்த ஆண்டே உலகப் போர் மூண்டது. வியன்னா மீது குண்டுகள் விழத் தொடங்கியபோது, இசை மாணவர்களை அங்கிருந்து கிளப்பிச் செக் நாட்டுப் பகுதிக்கு அனுப்பினார்கள். ஜோவும் போனான்.

அங்கேதான் அது நடந்தது. உடன் இருந்த ஒரு மாணவன் பியானோவில் ஏதோ ஒரு மெட்டை வாசித்தான். ஜோ அப்படி ஒன்றைக் கேட்டதே இல்லை. "இது என்ன?" என்று கேட்டான். "ஜாஸ்" என்று பதில் வந்தது.

ஜாஸ் என்பது அமெரிக்கக் கறுப்பு மக்கள் உண்டாக்கிய சங்கீதம். ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு, வாசிப்பவர் அந்த நேரத்தில் தம் கற்பனைக்குத் தோன்றியபடி விரித்துக்கொண்டே போவார். நம் வித்வான்கள் கல்பனாசுரம் பாடுவதை நினைத்துக்கொள்ளுங்கள். நாஜிகளுக்கு இந்தச் சங்கீதம் வேப்பங்காய். கறுப்பர்களின் இசை, யூதர்களின் இசை என்று தூற்றினார்கள். அவர்கள் காவலில் இருந்த பையனின் காதில்தான் அது போய் விழுந்தது!

1945 மார்ச் 12-இல் வியன்னாவின் புகழ்பெற்ற ஓபரா மாளிகை குண்டுவீச்சில் எரிந்தது. ஏப்ரலில் ரஷ்யப் படை நகரைப் பிடித்தது. பிறகு பத்தாண்டு, அமெரிக்கா, ரஷ்யா, பிரிட்டன், பிரான்ஸ் ஆகிய நான்கு நாட்டுப் படைகளும் வியன்னாவைப் பங்கு போட்டுக்கொண்டு இருந்தன. சோற்றுக்குப் பஞ்சம். ஆனால் அமெரிக்கச் சிப்பாய்கள் வந்த இடத்தில் ஜாஸும் வந்தது. அவர்களுடைய கேளிக்கை விடுதிகளில் வாசித்தால் காசு கிடைக்கும். ஜோ வாசித்தார்.

"ஸ்டார்மி வெதர்" என்று ஓர் அமெரிக்கப் படம். 1943-இல் வந்தது. நடிகர்கள் எல்லாரும் கறுப்பர்கள். லீனா ஹார்ன் என்ற பாடகி அதில் நடித்திருந்தார். போர் முடிந்து அந்தப் படம் வியன்னாவுக்கு வந்தது. ஜோ ஒரு முறை பார்த்தார். மறுபடி பார்த்தார். திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்தார். அமெரிக்கா போகவேண்டும், அந்தக் கறுப்புக் கலைஞர்களோடு வாசிக்கவேண்டும் என்பது அன்றே அவர் மனத்தில் ஏறிவிட்டது.

கப்பலில் வந்தவர்

ஆசை நிறைவேறப் பல ஆண்டுகள் ஆயின. 1950-களில் வியன்னாவின் நல்ல ஜாஸ் குழுக்களில் எல்லாம் அவர் பியானோ வாசித்தார். பாஸ்டன் நகரத்தில் பெர்க்லி என்ற இசைப் பள்ளி இருக்கிறது. அங்கே படிக்க உபகாரச் சம்பளம் கிடைத்தது. 1959 ஜனவரியில் கப்பலில் நியூயார்க் வந்து இறங்கினார். வயது 26.

பள்ளியில் எத்தனை நாள் படித்தார் தெரியுமா? சில வாரங்களே! மேனார்ட் பெர்குசன் என்ற எக்காள வித்வானின் பெரிய குழுவில் பியானோ வாசிக்க இடம் கிடைத்தது. பள்ளிக்கு ஒரு கும்பிடு போட்டார். பிறகு டைனா வாஷிங்டன் என்ற பெரும் பாடகிக்கு இரண்டு ஆண்டுக்காலம் பக்கவாத்தியம் வாசித்தார்.

பென் வெப்ஸ்டர் என்ற கறுப்பு மேதையை ஜாஸ் ரசிகர்கள் அறிவார்கள். சாக்ஸபோன் என்ற குழல் வாத்தியத்தில் அவர் ஒரு மலை. ஜோவை விட 23 வயது மூத்தவர். நியூயார்க்கில் இருவரும் ஒரே வீட்டில் குடி இருந்தார்கள். 1963-இல் சேர்ந்து ஓர் இசைத்தட்டும் வெளியிட்டார்கள். பள்ளியில் கிடைக்காத படிப்பு அந்த வீட்டில் கிடைத்திருக்கும் என்பதில் சந்தேகம் இல்லை.

நியூயார்க்கில் "பேர்ட்லாண்ட்" என்று ஒரு ஜாஸ் விடுதி இருந்தது. சார்லி பார்க்கர் என்ற மேதையை எல்லாரும் "பேர்ட்", அதாவது பறவை, என்று அழைப்பார்கள். அவரைச் சிறப்பிக்க வைத்த பெயர் அது. ஜோ அங்கேதான் பெரிய வித்வான்களை எல்லாம் கேட்டார். மாக்சீன் என்ற பெண்ணைச் சந்தித்ததும் அங்கேதான். 1964-இல் இருவரும் திருமணம் செய்துகொண்டார்கள். மாக்சீன் கறுப்பு இனப் பெண். வெள்ளையரும் கறுப்பரும் மணந்துகொள்வதை அப்போது அமெரிக்காவின் பல மாநிலங்கள் சட்டம் போட்டுத் தடுத்தன. அந்தச் சட்டங்கள் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 1967-இல்தான். இவர்கள் மூன்று ஆண்டு முந்திக்கொண்டார்கள்!

மின்சாரப் பியானோ

1961-இல் கேனன்பால் ஆடர்லி என்ற சாக்ஸபோன் கலைஞரின் குழுவில் ஜோ சேர்ந்தார். குழுவில் அவர் ஒருவரே வெள்ளையர். அமெரிக்காவின் தென் மாநிலங்களில் அந்த நாளில் கறுப்பருக்கு ஒரு ஓட்டல், வெள்ளையருக்கு ஒரு ஓட்டல். இந்தக் குழு ஊர் ஊராகப் போய் வாசித்தது. ஒன்பது ஆண்டு ஜோ அவர்களோடு இருந்தார்.

1966-இல் ஜோ ஒரு மெட்டு அமைத்தார். "மெர்சி, மெர்சி, மெர்சி" என்று அதற்குப் பெயர். கறுப்பர்களின் தேவாலயப் பாட்டுப் போல் நிதானமாக அசைந்து வரும். அதைச் சாதாரணப் பியானோவில் அவர் வாசிக்கவில்லை. வுர்லிட்சர் என்ற மின்சாரப் பியானோவில் வாசித்தார். சாதாரணப் பியானோவில் சுத்தி கம்பியைத் தட்டும். இதில் சிறு எஃகு நாக்குகளைத் தட்டும். அந்த அதிர்வை மின்சாரம் பெரிதாக்கும். மணி போலவும் இருக்கும். கொஞ்சம் கரகரப்பும் இருக்கும். ரே சார்லஸ் போன்ற பாடகர்கள் அதை வாசித்ததுண்டு. ஆனால் ஜாஸ் வித்வான்களுக்கு அது விளையாட்டுச் சாமான்.

இசைத்தட்டு வெளிவந்தது. சிகாகோ நகர விடுதி ஒன்றில் ரசிகர்கள் முன்னிலையில் பதிவு செய்ததாக உறையில் அச்சிட்டிருந்தார்கள். அது பொய்! ஹாலிவுட்டில் ஸ்டுடியோவுக்குள் ஆட்களை அழைத்து உட்காரவைத்து, மது வகைகளைத் தாராளமாகக் கொடுத்துப் பதிவு செய்தார்கள். விடுதிக்காரர் கேனன்பாலுக்கு நண்பர். அவருக்கு ஒரு விளம்பரம்! தட்டில் கேட்கும் கைதட்டலும் கூச்சலும் மட்டும் உண்மையானவை. ஜாஸ் தட்டுகள் விற்காத காலத்தில், 1967-இல், அமெரிக்காவின் விற்பனைப் பட்டியலில் அந்தப் பாட்டு 11-ஆம் இடம் வரை ஏறியது.

பனி பெய்த இரவு

ஒரு குளிர்காலத்தில் ஜோ குடும்பத்தோடு வியன்னாவுக்குப் போனார். ஓட்டல் அறையின் சன்னலுக்கு வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. நகரத்தில் சத்தமே இல்லை. பிள்ளைப் பருவ நினைவுகள் வந்தன. அப்போது ஒரு மெட்டுப் பிறந்தது. "இன் எ சைலண்ட் வே" என்று பெயர் வைத்தார். "மௌன வழியில்" என்று சொல்லலாம்.

மைல்ஸ் டேவிஸ் அப்போது ஜாஸ் உலகத்தின் சக்கரவர்த்தி. எக்காளம் வாசிப்பவர். 1969 பிப்ரவரி 18-ந் தேதி காலையில் ஜோவுக்குத் தொலைபேசியில் பேசினார். பதிவுக்கு வரச் சொன்னார். கையோடு மெட்டு ஏதாவது கொண்டுவரும்படியும் சொன்னார். ஜோ அந்த வியன்னா மெட்டை எடுத்துப் போனார்.

அதில் பல சுரக்கூட்டுகளை ஜோ அடுக்கி வைத்திருந்தார். ஒவ்வொரு அடிக்கும் பின்னணி மாறிக்கொண்டே வரும். மைல்ஸ் பார்த்தார். அந்த அடுக்குகளை எல்லாம் எடுத்து எறிந்தார்! ஒரே ஆதார சுருதி நிற்க, அதன் மேல் மெட்டு மட்டும் மிதக்கவேண்டும் என்றார். தம்பூராவின் மேல் ஆலாபனை மிதப்பது நமக்குப் பழக்கம். அவர்களுக்கு அது புதுமை. கித்தார் வாசிக்க வந்திருந்த ஜான் மக்லாக்லின் என்ற ஆங்கிலேய வாலிபரிடம், கித்தார் வாசிக்கத் தெரியாதவன் மாதிரி வாசி என்று மைல்ஸ் சொன்னாராம். மக்லாக்லின் நடுங்கி நடுங்கி ஆரம்பித்தார். அதுவே பதிவாயிற்று. (இந்த மக்லாக்லின்தான் பிறகு நம் கடம் வித்வான் விக்கு விநாயக்ராமோடு சேர்ந்து "சக்தி" என்ற குழுவை நடத்தியவர்.)

தம் மெட்டைக் குறைத்துவிட்டார்களே என்று ஜோவுக்கு மனக்குறை. அதே மெட்டைத் தாம் எழுதியபடியே பின்னால் தம் சொந்தத் தட்டில் வாசித்துக் காட்டினார். இரண்டையும் கேட்டவர்களுக்குத் தெரியும். மைல்ஸ் செய்ததுதான் நெஞ்சில் நிற்கிறது. பிள்ளையைப் பெற்றவர் ஒருவர். பெயர் வாங்கித் தந்தவர் இன்னொருவர்.

அதே ஆண்டு ஆகஸ்டில் மைல்ஸின் "பிட்சஸ் புரூ" என்ற தட்டுக்கும் ஜோ வாசித்தார். பதிவின்போது அவருக்கு அது பிடிக்கவில்லை. சில மாதம் கழித்து ஒரு நாள் இசைத்தட்டுக் கம்பெனிக்குப் போனார். ஓர் அறையிலிருந்து பிரமாதமான சங்கீதம் வந்தது. என்ன இது என்று அங்கிருந்த பெண்ணிடம் கேட்டார். நீங்கள் வாசித்ததுதான் என்றாள் அந்தப் பெண்!

ஜாஸையும், வாலிபர்களின் ராக் இசையையும், மின்சார வாத்தியங்களையும் கலந்த இந்தப் புதுச் சங்கீதத்துக்கு "ஃபியூஷன்" என்று பெயர் வந்தது. பழைய ரசிகர்கள் பலர் முகம் சுளித்தார்கள். கலப்படம் என்றார்கள். இளைஞர்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள்.

வானிலை அறிக்கை

1970-இல் ஜோ சொந்தக் குழு தொடங்கினார். சாக்ஸபோன் மேதை வெய்ன் ஷார்ட்டர், பாஸ் வாசிக்கும் மிரோஸ்லாவ் விட்டூஸ் ஆகியோர் கூட்டாளிகள். குழுவுக்கு "வெதர் ரிப்போர்ட்" என்று பெயர். வானிலை தினம் ஒரு மாதிரி இருக்கும் அல்லவா? எங்கள் சங்கீதமும் அப்படித்தான் என்பது பொருள். ஒருவர் முன்னால் நின்று வாசிக்க, மற்றவர்கள் தாளம் தட்டிக் காத்திருப்பது ஜாஸ் வழக்கம். அதை இவர்கள் மாற்றினார்கள். எல்லாரும் ஒரே சமயத்தில் பேசிக்கொள்வது போல் வாசித்தார்கள்.

மூன்று பேர் சமமாகத் தொடங்கிய குழு நாளடைவில் ஜோவின் குழு ஆகிவிட்டது. மிரோஸ்லாவ் சில ஆண்டுகளில் விலக நேர்ந்தது. ஜோவுக்குக் கண்டிப்பு அதிகம். வாய்த் துடுக்கும் உண்டு. தாளம் சரியில்லை என்றால் தாட்சணியம் பார்க்கமாட்டார். பதினைந்து ஆண்டில் அவரிடம் வந்து போன தாளக்காரர்களின் பட்டியல் நீளமானது.

இந்தக் காலத்தில்தான் ஏ.ஆர்.பி. 2600 என்ற சிந்தசைசரை அவர் கையாண்டார். அதில் கம்பி இல்லை. துருத்தி இல்லை. மின்சுற்று ஒலியை உண்டாக்கும். குமிழ்களைத் திருகியும், ஒயர்களை மாற்றிச் செருகியும் அந்த ஒலியைக் குழலாகவோ, காற்றாகவோ, பெயர் இல்லாத ஏதோ ஒன்றாகவோ ஆக்கலாம். பலர் அதில் "கீச்" என்று வேடிக்கைச் சத்தம் எழுப்பினார்கள். ஜோ மனிதன் மூச்சு விடுவது போல் வாசித்தார்.

இன்னும் ஒரு வேலை செய்தார். பியானோவில் இடமிருந்து வலம் போகப் போகச் சுரம் ஏறும். ஜோ தம் சிந்தசைசரில் அதைத் தலைகீழாக மாற்றினார். வலப் பக்கம் போனால் சுரம் இறங்கும்! முப்பது ஆண்டாகப் பழகிய விரல்கள் என்ன செய்யும்? தடுமாறும். அந்தத் தடுமாற்றம்தான் அவருக்கு வேண்டியிருந்தது. பழகிய விரல் பழகிய மெட்டையே வாசிக்கும்; வழி மறந்தால்தான் புது வழி தெரியும். 1976-இல் வந்த "பிளாக் மார்க்கெட்" என்ற பாட்டு இப்படித் தலைகீழ்க் கட்டையில் பிறந்தது.

வீட்டில் உட்கார்ந்து தோன்றியபடி வாசிப்பார். ஒலிநாடா ஓடிக்கொண்டிருக்கும். பிறகு அதைக் கேட்டு, ஒரு சுரம் விடாமல் எழுதிக் குழுவினரிடம் கொடுப்பார். கேட்பவர்களுக்கு அப்போது தோன்றிய கற்பனை போல் இருக்கும். முன்னிருக்கும் காகிதத்தில் எல்லாம் எழுதியிருக்கும்!

வீரம் பேசிய வாலிபன்

ஒருநாள் மயாமி நகரத்தில் கச்சேரி முடிந்து ஜோ வெளியே வந்தார். மெலிந்த வாலிபன் ஒருவன் எதிரே வந்தான். தன் பெயர் ஜான் பிரான்சிஸ் பாஸ்டோரியஸ் என்றான். உலகத்திலேயே சிறந்த பாஸ் வாத்தியக்காரன் தான்தான் என்றான். ஜோவுக்குக் கோபம் வந்தது. விரட்டினார். அவன் அசையவில்லை. அந்த நெஞ்சுரம் ஜோவுக்குப் பிடித்துப்போயிற்று. பிறகு அவன் அனுப்பிய ஒலிநாடாவைக் கேட்டார். மரத்தால் செய்த பெரிய பாஸ் என்று நினைத்துக்கொண்டு, மின்சார பாஸும் வாசிப்பாயா என்று கேட்டார். நாடாவில் இருந்ததே மின்சார பாஸ்தான்!

அவர்தான் ஜாக்கோ. 1976-இல் குழுவில் சேர்ந்தார். மறு ஆண்டு "ஹெவி வெதர்" தட்டு வெளிவந்தது. முதல் பாட்டு "பேர்ட்லாண்ட்". தமக்கு சங்கீதத்தையும் மனைவியையும் கொடுத்த விடுதிக்கு ஜோ செலுத்திய காணிக்கை அது. ஜாக்கோ பாஸ் கம்பியில் உச்ச சுரங்களை எழுப்பி மெட்டை வாசிக்க, ஜோவின் சிந்தசைசர்கள் ஒரு முழு பாண்டு கோஷ்டியாக முழங்கின. உலகெங்கும் அந்தப் பாட்டு ஒலித்தது. "8:30" என்ற அவர்களுடைய தட்டுக்கு 1980-இல் கிராமி பரிசு கிடைத்தது.

ஜாக்கோவின் கதை நல்லபடி முடியவில்லை. குடியும் மன நோயும் சேர்ந்து அவரை அலைக்கழித்தன. 1980-களின் தொடக்கத்தில் குழுவை விட்டுப் போனார். 1987-இல் ஒரு விடுதி வாசலில் அடிபட்டு, 35 வயதில் இறந்தார். வெதர் ரிப்போர்ட் அதற்கு முந்திய ஆண்டே கலைந்துவிட்டது.

கற்சுரங்கத்தில் ஒரு கச்சேரி

ஜோ ஓய்ந்துவிடவில்லை. "ஜாவினுல் சிண்டிகேட்" என்று புதுக் குழு தொடங்கினார். ஆப்பிரிக்கக் கலைஞர்கள் பலர் அதில் வாசித்தார்கள். மாலி நாட்டுப் பாடகர் சாலிப் கெய்ட்டாவின் "ஆமென்" என்ற தட்டை 1991-இல் தயாரித்தார்.

1998 ஆகஸ்டில் அவர் செய்த ஒரு காரியம் இவை எல்லாவற்றுக்கும் மேலானது.

ஆஸ்திரியாவில் லின்ஸ் நகருக்கு அருகே மௌத்தாசன் என்ற ஊர் இருக்கிறது. ஹிட்லரின் ஆட்கள் 1938 ஆகஸ்டில் அங்கே ஒரு சித்திரவதை முகாம் திறந்தார்கள். சுமார் 1,90,000 பேரை அங்கும் அதன் கிளை முகாம்களிலும் அடைத்தார்கள். குறைந்தது 90,000 பேர் மாண்டார்கள். பக்கத்தில் கருங்கல் சுரங்கம். கைதிகள் முதுகில் பாறையைச் சுமந்துகொண்டு 186 படி ஏறவேண்டும். விழுந்தவர்கள் எழுந்ததில்லை. "மரணப் படிக்கட்டு" என்று அதற்குப் பெயர்.

முகாம் திறந்து அறுபது ஆண்டு ஆனபோது, அதே கற்சுரங்கத்தில் ஒரு நினைவுக் கச்சேரி நடந்தது. அதற்கு இசை அமைத்து வாசித்தவர் ஜோ ஜாவினுல். அந்த முகாம் நடந்த நாளில் அவர் அதே நாட்டில், நாஜிப் பள்ளிக்கூடத்தில் படித்த பையன். அவனைக் கேட்டு எதுவும் நடக்கவில்லை. ஆனால் அவன் ஊர்க்காரர்கள் அதைச் செய்தார்கள். 66 வயதில் அவர் தம் கீபோர்டுகளோடு அந்தப் பள்ளத்தில் உட்கார்ந்தார்.

கடைசி வாசிப்பு

2004-இல் வியன்னாவில், தாம் பிறந்த பகுதிக்குப் பக்கத்திலேயே, ஜோ ஒரு ஜாஸ் விடுதி திறந்தார். என்ன பெயர் வைத்தார் என்று சொல்லவும் வேண்டுமா? "பேர்ட்லாண்ட்"தான்!

2007-ஆம் ஆண்டு கோடையில் மனைவி மாக்சீன் இறந்தார். ஜோவுக்கும் தோலில் உண்டாகும் அரிய வகைப் புற்றுநோய் வந்திருந்தது. ஊர் ஊராகப் போவதை அவர் நிறுத்தவில்லை. ஜூலை 7-ந் தேதி, 75-ஆவது பிறந்த நாளை, சுவிட்சர்லாந்தில் லுகானோ நகர மேடையில் கழித்தார்.

பிறகு ஹங்கேரியில் ஒரு கச்சேரி. பழைய கூட்டாளி வெய்ன் ஷார்ட்டர் வந்து மேடை ஏறினார். வெதர் ரிப்போர்ட் கலைந்து இருபது ஆண்டுக்கு மேல் ஆகியிருந்தது. இருவரும் சேர்ந்து "இன் எ சைலண்ட் வே" வாசித்தார்கள். பனி கொட்டிய வியன்னாவில் பிறந்த அதே மெட்டு.

அந்த ஆண்டு செப்டம்பர் 11-ந் தேதி ஜோ வியன்னாவில் காலமானார். நகரத்தின் மத்தியக் கல்லறைத் தோட்டத்தில் அவர் அஸ்தியை அடக்கம் செய்தார்கள். பீத்தோவனும் ஷூபர்ட்டும் உறங்கும் தோட்டம் அது.

எர்ட்பெர்க் பகுதியில் இப்போது அவர் பெயரில் ஒரு பூங்கா இருக்கிறது.